நல்லவர் சமைத்தால்தான் ருசிக்குமா?

அரண்மனைச் சமையலறைக்குப் பயிற்சிக்கு வந்த சிறுமிகள் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். முன்னால் ஒரு தட்டு இறைச்சி. இதில் இனிப்புக்கு என்ன சேர்த்திருக்கிறது என்று கேட்கிறார் சமையலறையின் தலைமைப் பொறுப்புக்குப் புதிதாக வந்த அம்மையார். தேன் என்கிறாள் ஒருத்தி, சர்க்கரை என்கிறாள் இன்னொருத்தி. கடைசியில் ஒரு சிறுமி, பழுத்த பெர்சிமன் பழம் என்கிறாள். அதுதான் சரியான விடை. எப்படிக் கண்டுபிடித்தாய் என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. மென்றபோது அந்தப் பழத்தின் ருசி வந்தது, அதனால் அந்தப் பழம் என்றேன், வேறென்ன சொல்வது என்று திணறுகிறாள். அம்மையார் வாய்விட்டுச் சிரித்துவிட்டு, கேட்ட தன்னுடைய கேள்விதான் அசட்டுத்தனம் என்கிறார்.

கொரியாவில் பெரியவர்களும் பிள்ளைகளும் இன்றுவரை நடித்துக்காட்டிச் சிரிக்கும் காட்சி இது. 'தே ஜாங்கும்' என்ற தொடரில் வருகிறது. எம்பிசி தொலைக்காட்சி 2003 செப்டம்பரிலிருந்து 2004 மார்ச் வரை 54 பகுதிகளாக ஒளிபரப்பியது. இயக்கியவர் லீ பியோங் ஹூன், எழுதியவர் கிம் யோங் ஹியோன், நாயகி லீ யோங் ஏ. பார்வையாளர் விகிதம் உச்சத்தில் 57.8 சதவீதத்தைத் தொட்டது. அதன்பின் 90க்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்கப்பட்டது. ஹாங்காங்கில் கொண்டாடினார்கள், ஈரானில் கொண்டாடினார்கள். தூர்தர்ஷனில் இந்தி பேசியது. இலங்கையில் ரூபவாஹினி அதைச் சிங்களத்தில் 'சுஜாதா தியணி' ஆக்கியபோது மாலை நேரத்துக் குடும்பத் தொடர்களோடு தொடராக அந்நாட்டு வீடுகளுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. ஒரு பெண்ணின் அம்மா அநியாயமாகச் சாகிறாள், மகள் அதே அரண்மனைக்குள் நுழைந்து, சதிகளைத் தாண்டி, பழியைத் துடைக்கிறாள். கதையாகச் சொன்னால் இவ்வளவுதான். நம் சீரியல் இயக்குநர் எவரிடமும் இந்த ஒற்றை வரியைக் கொடுத்தால் ஆயிரம் பகுதி எடுத்துத் தருவார்.

வித்தியாசம் இந்தக் கதையை நடத்துவது எது என்பதில் இருக்கிறது. நம் தொடர்களில் சமையலறைக்குப் பஞ்சமே இல்லை. ஆனால் அங்கே சாம்பார் இருப்பது நாத்தனார் வந்து உப்பை அள்ளிக் கொட்டுவதற்கு, பாயசம் இருப்பது விஷம் கலப்பதற்கு. அடுப்பு ஓர் அரங்கப் பொருள். அதை எடுத்துவிட்டு அங்கே ஒரு பீரோவை வைத்தாலும் கதை நகரும். தே ஜாங்குமில் அப்படி எடுக்க முடியாது. முதல் பாதியில் கதையின் ஒவ்வொரு திருப்பமும் ஒரு பண்டத்தின் பதத்தில், ஒரு சாடியின் புளிப்பில், ஒருவர் நாக்கின் கூர்மையில் மாட்டிக்கொண்டிருக்கிறது. சமையலையும் குடும்ப நாடகத்தையும் கலக்கும் வகையில் இதைவிட வெற்றி பெற்ற தொடரை நான் பார்த்ததில்லை. அந்தக் கலவையின் கோளாறுகளையும் இதைவிடத் தெளிவாகக் காட்டும் தொடர் இல்லை.

முதலில் ஒரு தொழில்நுட்பச் சிக்கல். தொலைக்காட்சிக்கு நாக்கு கிடையாது, மூக்கும் கிடையாது. ஆவி பறப்பதைக் காட்டலாம், எண்ணெய் சடசடப்பதைக் கேட்கவைக்கலாம். ருசியை மட்டும் அனுப்ப முடியாது. பெரும்பாலான தொடர்கள் இதற்கு ஒரே ஒரு வழியைத்தான் வைத்திருக்கின்றன: சாப்பிடுகிறவரின் முகம். வாயில் வைத்ததும் கண் விரியும், புருவம் ஏறும், கரண்டி ஒரு கணம் நிற்கும். பார்க்கிறவர் நம்பிக்கொள்ள வேண்டும். தே ஜாங்குமும் இந்த முகங்களைத் தாராளமாகவே செலவழிக்கிறது. அதிலும் அரசர் ஜுங்ஜோங்காக வரும் இம் ஹோ முதல் வாய்க்குப் பின் தலையசைக்கும் காட்சிகளை வெட்டித் தனியே தொகுத்தால் ஒரு பகுதியே தேறும். ஆனால் முகத்தை நம்பாத வேறு வழிகளையும் இந்தத் தொடர் கண்டுபிடித்தது என்பதுதான் அதன் சிறப்பு.

பெர்சிமன் காட்சியில் நமக்குக் கிடைப்பது அந்த இறைச்சியின் ருசி இல்லை. ருசி என்பது ஒருவகை அறிவு, அந்த அறிவுக்கு விளக்கம் தரமுடியாமலும் போகலாம் என்ற செய்தி. தண்ணீர்க் காட்சி இதைவிட நுட்பமானது. குருவான ஹான் சாங்குங் (யாங் மி கியோங்), பெர்சிமன் என்று சொன்ன அதே சிறுமியான நாயகி ஜாங்குமிடம் குடிக்கத் தண்ணீர் கேட்கிறார். சாங்குங் என்பது அரண்மனைப் பெண்களுக்கான உயர்ந்த பதவிகளில் ஒன்று. குழந்தை கொண்டுவருகிறது. இது வேண்டாம், வேறு கொண்டுவா என்கிறார். வெந்நீர், குளிர்ந்த நீர், இலை மிதக்கவிட்ட நீர் என்று மாற்றி மாற்றிக் கொண்டுவந்தும் திருப்பி அனுப்புகிறார். நாட்கள் போகின்றன. கடைசியில் அந்தப் பிள்ளைக்குத் தன் அம்மா நினைவு வருகிறது. வயிறு வலிக்கிறதா, இன்று வெளிக்குப் போனீர்களா, தொண்டை கரகரக்கிறதா என்று வரிசையாகக் கேட்கிறது. ஹானின் முகம் மாறுகிறது. குடிக்கிறவரின் உடம்பை விசாரிக்காமல் கொடுக்கும் நீர் சமையலாகாது என்பதுதான் பாடம். ஒரு குவளைத் தண்ணீரை வைத்துக்கொண்டு, தாளிப்பு இல்லை, எண்ணெய் இல்லை, அடுப்பே இல்லை, சமையல் என்றால் என்ன என்று ஒரு தொலைக்காட்சித் தொடர் சொல்லிவிடுகிறது. பின்னால் ஜாங்கும் மருத்துவச்சி ஆகப்போகிறாள் என்பதற்கு விதையும் இங்கேயே ஊன்றப்பட்டுவிட்டது. அந்தக் கேள்விகள் எல்லாம் வைத்தியர் கேட்பவை.

மூன்றாவது வழி துணிச்சலானது. நாயகிக்கு நாக்கே செத்துப்போகிறது. நோய்க்குப் பின் எதை வாயில் வைத்தாலும் மண். சமையல்காரிக்கு இதைவிடப் பெரிய விபத்து உண்டா? இந்த நிலையிலும் ஹான் அவளை அடுப்பின் முன் நிறுத்துகிறார். உனக்கு ருசியை மனத்தில் வரையும் திறன் இருக்கிறது, நாக்கை நம்பாமல் கையை நம்பு என்கிறார். கைப்பக்குவம் என்று நாமும் சொல்வோமே, அளவுக் கரண்டி தொடாமலே புளிக்கும் உப்புக்கும் கணக்குத் தீர்க்கும் பாட்டிகளைப் பற்றி, அதே விஷயம்தான். பார்க்கிறவருக்கும் நாயகிக்கும் இடையிலிருந்த வேறுபாடு இப்போது போய்விடுகிறது. இருவருக்கும் ருசி தெரியாது, இருவரும் கற்பனையில்தான் சாப்பிட வேண்டும். தொலைக்காட்சியின் ஊனத்தையே கதையின் ஊனமாக்கிய இந்தத் தந்திரத்தை வேறு எந்தச் சமையல் தொடரும் இவ்வளவு திறமையாகச் செய்ததாக எனக்குத் தெரியவில்லை. பிறகு தேனீக் கொட்டு வைத்தியத்தில் நாக்கு திரும்பிவிடுகிறது. கதை அவசரப்படுகிறது என்பதற்கு முதல் அடையாளம் அது. இன்னும் சில பகுதிகள் அவளை ருசியற்றவளாகவே விட்டிருந்தால் தொடர் எங்கே போயிருக்கும் என்று யோசிக்காமல் இருக்க முடிவதில்லை.

அரண்மனை மசியல் சாடிகளின் ருசி கெட்டுப்போகும் கதையும் இந்த வரிசையில் வரும். புளிக்கவைத்த சோயா மசியல் அங்கே எல்லாக் குழம்புக்கும் அடித்தளம். அதன் ருசி மாறினால் நாட்டுக்கே கெடுதல் வரும் என்று அரண்மனை பதறுகிறது. உப்பா, சோயாவா, சாடியா என்று ஒவ்வொன்றாகச் சோதிக்கிறார்கள். கடைசியில் சாடிகள் இருந்த முற்றத்தை ஒட்டிய மரங்களை வெட்டிவிட்டதுதான் காரணம் என்று தெரிகிறது. மரத்திலிருந்து விழுந்துகொண்டிருந்த மகரந்தம் நொதித்தலுக்குத் துணையாக இருந்திருக்கிறது. துப்பறியும் கதையின் நடை இது. குற்றவாளி மனிதர் இல்லை, இல்லாமல்போன ஒரு மரம். இந்த ஒரு பகுதிக்காகவே கிம் யோங் ஹியோனுக்கு நான் பல குற்றங்களை மன்னிப்பேன்.

இன்னொரு பலம் பேசப்பட வேண்டியது. சமையலறை என்பது பணம் புரளும் இடம் என்று இந்தத் தொடருக்குத் தெரியும். எதிரணியான சோய் குடும்பம் தலைமுறை தலைமுறையாகச் சமையலறைத் தலைமைப் பதவியைத் தன் பெண்களுக்கே கைமாற்றிவருகிறது. அவர்கள் வீட்டு ஆணான சோய் பான் சுல் அரண்மனைக்குச் சரக்கு சப்ளை செய்யும் பெரு வியாபாரி. அவருக்கு மேலே மந்திரி ஒருவர். அரிசியும் மீனும் மூலிகையும் யாரிடமிருந்து வாங்குவது என்பதைச் சமையலறைத் தலைவி தீர்மானிக்கிறாள் என்றால் அந்தப் பதவியின் மதிப்பு புரியும். டெண்டர் அரசியலை அறிந்த நாட்டுக்காரர்களான நமக்கு இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. தலைமைப் பதவிக்கு ஜோங் சாங்குங்கை முதலில் கொண்டுவந்து உட்காரவைப்பதும் சோய் கூட்டம்தான். மசியல் சாடிகளைப் பார்த்துக்கொண்டு பாட்டுப் பாடிக் கிடந்தவர், சொன்னபடி கேட்பார் என்று நினைத்தார்கள். அவர்தான் பெர்சிமன் கேள்வியைக் கேட்ட அம்மையார். வந்து உட்கார்ந்த பின் தகுதியை வைத்துத்தான் அடுத்தவரைத் தேர்ந்தெடுப்பேன் என்று போட்டி வைத்துவிடுகிறார்.

இந்தப் போட்டியில்தான் எனக்குத் தகராறு தொடங்குகிறது.

சோய் சாங்குங்குக்கும் ஹான் சாங்குங்குக்கும் நடக்கும் போட்டிகளில் ஒன்று சோறு வடிப்பது. அரண்மனைப் பெண்களே நடுவர்கள், எது யார் வடித்தது என்று சொல்லாமல் பரிமாறுகிறார்கள். ஹான் ஜெயிக்கிறார். ஒவ்வொருவருக்கும் எந்தப் பதம் பிடிக்கும் என்று அவருக்கு முன்பே தெரியும். உதிரியாக வேண்டியவருக்கு உதிரி, குழைவாக வேண்டியவருக்குக் குழைவு. அருமையான காட்சி. தண்ணீர்க் காட்சியின் தொடர்ச்சி. ஆனால் இங்கே ஒரு சிறிய மாற்றம் நடந்துவிட்டதைக் கவனிக்க வேண்டும். ஹான் ஜெயித்தது அவருடைய சமையல் திறமையால் என்பதைவிட அவருடைய நல்ல மனத்தால் என்று தொடர் நம்மை நினைக்கவைக்கிறது. இது ஒருமுறை நடந்தால் பரவாயில்லை. திரும்பத் திரும்ப நடக்கிறது. நல்லவர் சமைத்தது ருசிக்கிறது, கெட்டவர் சமைத்தது பகட்டாக இருக்கிறது. நீரிழிவால் அவதிப்படும் சீனாவின் மிங் தூதருக்கு சோய் கூட்டம் ஆடம்பர விருந்து படைக்கிறது, ஹானும் ஜாங்குமும் காய்கறியும் கடற்பாசியுமாக உடம்புக்கு ஒத்ததைக் கொடுத்து, அவர் கோபத்தையும் தாங்கி, கடைசியில் பாராட்டையும் வாங்குகிறார்கள். ருசியும் ஆரோக்கியமும் நேர்மையும் ஒரே பக்கம் நிற்கின்றன. எதிர்ப்பக்கம் வெறும் எண்ணெயும் பதவி ஆசையும்.

சமையல் அப்படி நடப்பதில்லை என்பது சாப்பிட்டு வளர்ந்த எல்லோருக்கும் தெரியும். ஊரையே ஏமாற்றிய ஆசாமி வைக்கும் மீன் குழம்பு நாவில் நிற்கும். தங்கமான மனுஷி வடிக்கும் சோறு கஞ்சியாகும். கல்யாண வீட்டில் பந்தியைத் தூக்கி நிறுத்தும் சமையல் மாஸ்டர் உதவியாளர்களிடம் எப்படிப் பேசுவார் என்பது அடுப்படிப் பக்கம் போனவர்களுக்குத் தெரியும். உப்புக்குச் சமைக்கிறவரின் ஒழுக்கம் தெரியாது. பெர்சிமன் காட்சியிலேயே இந்த உண்மையைச் சொன்ன தொடர்தான் இது. நாக்கு நியாயம் பேசாது, இருப்பதைச் சொல்லும், காரணம் கேட்டால் திணறும். பிறகு அதே தொடர் நாக்கை நீதிபதி நாற்காலியில் உட்காரவைத்துவிட்டது. குடும்ப நாடகத்துக்கு வாராவாரம் தீர்ப்பு வேண்டும். நல்லவர் அடிபட வேண்டும், எழ வேண்டும், பார்க்கிறவர் கை தட்ட வேண்டும். அந்தப் பசிக்குச் சமையலைத் தீனியாகப் போட்டால், ருசி என்பது நடத்தைச் சான்றிதழாகச் சுருங்கிவிடுகிறது.

இதற்கு மாற்றுச் சான்று ஒன்றையும் தொடரே வைத்திருக்கிறது, அது மாவு திருடுபோகும் பகுதி. தேர்வுக்காகக் கொடுக்கப்பட்ட கோதுமை மாவு காணாமல் போகிறது. அந்தக் காலக் கொரியாவில் கோதுமை மாவு அருமையான சரக்கு. ஜாங்கும் கோஸ் இலையில் பூரணத்தைச் சுற்றி 'மண்டு' என்ற கொரியக் கொழுக்கட்டை செய்கிறாள். இங்கே அவளைக் காப்பாற்றுவது நல்ல மனமில்லை. கையில் இருப்பதைக் கொண்டு ஒப்பேற்றும் புத்தி, இலையின் பதம் தெரிந்த அனுபவம். தொடர் சமையலை மதிக்கும்போது இப்படித்தான் இருக்கிறது.

இனி வரலாறு. அசல் ஜாங்கும் கொரியாவை ஆண்ட ஜோசோன் வம்சத்தின் அரச நாளேட்டில் வருகிறாள், ஒரு சில குறிப்புகளில். 1515இல் அரசி ஜாங்கியோங் பிரசவத்துக்குப் பின் இறந்தபோது மருத்துவப் பெண் ஜாங்குமையும் தண்டிக்க வேண்டும் என்று அதிகாரிகள் கோருகிறார்கள், அரசர் மறுக்கிறார். 1544இல் நோய்ப்படுக்கையில் கிடக்கும் அரசர் ஜுங்ஜோங், தன் உடல்நிலை அந்த மருத்துவப் பெண்ணுக்குத் தெரியும் என்கிறார். அந்த ஆண்டே அவர் இறந்துபோகிறார். ஆக அவள் வைத்தியம் பார்த்தவள். சமைத்தாள் என்று எங்கும் இல்லை. சமையல் முழுக்கத் தொடரின் கற்பனை. அதில் தவறில்லை. நாளேட்டின் சில வரிகளிலிருந்து 54 பகுதி எழுப்ப வேண்டியவர் கற்பனை செய்யாமல் என்ன செய்வார்?

சிக்கல் வேறிடத்தில். ஜோசோன் அரண்மனையின் பெருஞ்சமையலைச் செய்தவர்கள் பெரும்பாலும் ஆண்கள். விருந்து நாட்களில் அடுப்படியில் ஆண் சமையல்காரர்கள் வேலை செய்வதை அக்கால ஓவியமே காட்டுகிறது. தொடரிலோ அடுப்படி முழுக்கப் பெண்கள் சாம்ராஜ்யம். கொரிய உணவு வரலாற்று ஆய்வாளர்கள் இதைச் சுட்டிக்காட்டிக் குறைப்பட்டிருக்கிறார்கள். எனக்கு இதில் இரட்டை மனம். வரலாறாகப் பார்த்தால் பிழை. நாடகமாகப் பார்த்தால் அந்தப் பிழைதான் தொடரின் உயிர். பெண்கள் ஒரு ஆணுக்காக அடித்துக்கொள்ளாமல், தொழிலுக்காக, பதவிக்காக, யாருடைய மசியல் சரி என்பதற்காக மோதிக்கொள்ளும் ஒரு இடம் அதனால் கிடைத்தது. காதலுக்கு மின் ஜோங் ஹோ என்ற அதிகாரி இருக்கிறார், பாவம், பெரும்பாலும் வாசலில் நின்று புத்தகம் இரவல் கொடுத்துக்கொண்டிருக்கிறார். குருவும் சிஷ்யையுமாக இரண்டு பெண்கள் ஒரு தொழிலை நேசிப்பதுதான் இந்தத் தொடரின் உண்மையான காதல் கதை. அதற்கு ஆண் சமையல்காரர்களை வெளியேற்றியது அதிக விலைதான், ஆனாலும் கொடுக்கத் தகுந்த விலை.

திரையில் நாம் பார்க்கும் பண்டங்களுக்கும் ஒரு பூர்வீகம் உண்டு. அரண்மனைச் சமையலை நேரில் செய்தவர்களில் கடைசித் தலைமுறையைச் சேர்ந்த ஹான் ஹுய் சுன் அம்மையாரிடமிருந்து பேராசிரியை ஹ்வாங் ஹே சோங் கற்றுக்கொண்டார். அவரிடமிருந்து மகள் ஹான் போக் ரியோ. கொரிய அரசு 1970களின் தொடக்கத்தில் அரச சமையலைக் காக்கப்பட வேண்டிய பண்பாட்டுச் சொத்து என்று அறிவித்து, இவர்களை வரிசையாக அதன் வாரிசுகளாக ஏற்றது. தொடருக்கு உணவு ஆலோசகராக இருந்தவர் இந்த ஹான் போக் ரியோ. கிண்ணங்கள் அடுக்கிய விதமும் கத்தி பிடித்த விதமும் நம்பும்படி இருப்பதற்கு அதுதான் காரணம். ஆனால் ஹான் ஹுய் சுன் பணி செய்தது ஜோசோனின் கடைசி அரசர்களுக்கு, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில். கதை நடப்பது 16ஆம் நூற்றாண்டில். இடையில் ஜப்பானியப் படையெடுப்பு, மஞ்சு படையெடுப்பு, மிளகாயின் வருகை எல்லாம் நடந்திருக்கின்றன. நானூறு ஆண்டுகள் அந்தச் சமையல் அசையாமல் நின்றது என்று தொடர் சொல்லாமல் சொல்கிறது. நம்மூரில் மிளகாய் போட்ட குழம்பை வைத்துச் சோழர் காலத்து விருந்து என்று விளம்பரம் செய்யும் உணவகங்களுக்கு இது ஒன்றும் அந்நியமான பழக்கம் இல்லை. தொடருக்குப் பின் அரச சமையல் கொரியாவின் ஏற்றுமதி முகமாகிவிட்டது. யாங்ஜுவிலிருந்த படப்பிடிப்புத் தளமே சுற்றுலாத் தலமானது. தெருவோரத்து வண்டியிலும் பஞ்ச காலத்துப் பானையிலும் உருவான கொரியச் சமையல் அந்த முகத்துக்குப் பின்னால் கொஞ்சம் மறைந்தது.

இரண்டாம் பாதிக்கு வருவோம். கந்தகம் தின்று வளர்ந்த வாத்தைச் சமைத்துக் கொடுத்து அரசரைச் சாய்த்தார்கள் என்று ஹான்மீதும் ஜாங்கும்மீதும் ராஜத்துரோகப் பழி விழுகிறது. ஜேஜு தீவுக்கு நாடுகடத்திக் கொண்டுபோகும் வழியில் ஹான் ஜாங்குமின் முதுகிலேயே உயிர்விடுகிறார். அவரைச் சாகடிக்க வேண்டாம் என்று ரசிகர்கள் முன்கூட்டியே தயாரிப்பாளர்களிடம் மன்றாடினார்கள். அவர்கள் பயம் நியாயமானது. ஹானோடு சேர்த்துச் சமையலும் செத்துப்போகிறது. ஜேஜுவில் ஜாங்கும் வைத்தியம் கற்கிறாள், மருத்துவப் பெண்ணாக அரண்மனைக்குத் திரும்புகிறாள், கொள்ளைநோயைப் பார்க்கிறாள், ஊசி குத்துகிறாள், கடைசிப் பகுதியில் வயிற்றைக் கீறிப் பிரசவமே பார்க்கிறாள். உணவும் மருந்தும் ஒன்று என்ற கருத்தின்படி இந்த மாற்றம் சரிதான். தண்ணீர்க் காட்சியே அதற்கு ஜாமீன். ஆனாலும் நாடி பிடிப்பது திரையில் சமைப்பதைப் போல இல்லை. நாடியை எட்டிப்பார்க்க முடியாது. வைத்தியர் கண்ணை மூடிக்கொண்டு யோசிக்கிறார், பிறகு ஒரு மூலிகையின் பெயர் சொல்கிறார், நோயாளி எழுந்து உட்காருகிறார். எந்தச் சமையலும் கேட்காத அளவுக்கு இது பார்வையாளரின் நம்பிக்கையைக் கேட்கிறது. அடுப்பு இருந்தவரை கையைப் பார்த்தோம், இனி முகத்தை மட்டும் பார்க்கிறோம்.

இதோடு கதை முழுதாகப் பழிதீர்ப்புப் பாதைக்குப் போய்விடுகிறது. அம்மாவும் ஹானும் சிறுவயதில் சேர்ந்து மரத்தடியில் புதைத்த பெர்சிமன் வினிகர் ஒரு காலத்தில் இந்தத் தொடரின் இதயமாக இருந்தது. இரண்டு பெண்களின் நட்பு மண்ணுக்குள் புளித்துக்கொண்டிருக்கிறது என்ற எண்ணமே அழகு. இரண்டாம் பாதியில் அதற்கெல்லாம் நேரமில்லை. சாட்சிகள், கடிதங்கள், விசாரணைகள், ஒட்டுக்கேட்டல்கள். வழக்கமான சீரியலின் சாமான்கள் எல்லாம் வந்து இறங்குகின்றன. பார்வையாளர் விகிதம் குறையவில்லை என்பது உண்மைதான். விகிதம் குறையாதது தரத்துக்குச் சான்றானால் நம் தொடர்களில் பாதி செவ்வியல் இலக்கியம் ஆகிவிடும்.

இந்த அச்சில் பின்னால் வார்த்தவை நிறைய. எஸ்பிஎஸ் 2008இல் ஹோ யோங் மானின் படக்கதையை 'சிக்கேக்' என்று 24 பகுதித் தொடராக்கியது: ஒரு பாரம்பரிய உணவகம், அடுத்த வாரிசு யார், போட்டி. கேபிஎஸ் 2010இல் எடுத்த 'ரொட்டி மன்னன் கிம் தாக்கு' 30 பகுதிகளில் 50 சதவீதத்தை ஒட்டிப் போனது. ரொட்டி நிறுவனத் தலைவருக்கு மனைவியல்லாத பெண்ணிடம் பிறந்த பையன், அபாரமான மூக்கு, பொறாமைக்காரத் தம்பி, பழைய ரொட்டிக் குருவிடம் பயிற்சி. குரு வைக்கும் போட்டிகளின் தலைப்புகளே சொல்லிவிடும்: உலகிலேயே அதிகமாக வயிறு நிறைக்கும் ரொட்டி, உலகிலேயே மிக மகிழ்ச்சியான ரொட்டி. மாவு எவ்வளவு நேரம் ஊறியது என்பதைவிட மாவு பிசைந்தவன் எவ்வளவு நல்லவன் என்பதில் தொடருக்கு அக்கறை. தே ஜாங்குமில் கசிந்துகொண்டிருந்த குறை இங்கே பிரதான ருசியாகிவிட்டது.

2025இல் டிவிஎன் தந்த 'பான் அப்பெட்டிட், யுவர் மெஜஸ்டி' வேறு மாதிரி. பிரெஞ்சுச் சமையல் படித்த இன்றைய பெண் ஒருத்தி காலத்தில் வழுக்கி ஜோசோனில் போய் விழுகிறாள். அங்கே நாக்கு ருசி பிடித்த ஒரு கொடுங்கோல் அரசன். அந்தப் பாத்திரத்துக்கு மாதிரி யோன்சான்குன். அவர் கவிழ்க்கப்பட்டபின் 1506இல் சிம்மாசனம் ஏற்றப்பட்டவர்தான் தே ஜாங்குமின் ஜுங்ஜோங். தே ஜாங்குமின் கதை தொடங்குவதும் யோன்சான்குனின் தாயான பதவி பறிக்கப்பட்ட அரசிக்கு 1482இல் விஷக்கிண்ணம் கொடுக்கப்படும் சம்பவத்திலிருந்துதான். அந்தக் கிண்ணத்தைக் கொண்டுபோன காவலர்களில் ஒருவர் ஜாங்குமின் அப்பா. அடுத்தடுத்த இரண்டு அரசர்கள், ஒரே அரண்மனை, இரண்டு தொடர்கள். புதிய தொடரில் வாயில் வைத்ததும் அரசனும் மந்திரிகளும் பறக்கிறார்கள், மிதக்கிறார்கள். ஜப்பானியச் சமையல் படக்கதைகளிலிருந்து வந்த வேடிக்கை அது. முகத்தை நம்பிச் சலித்துப்போன இந்த வகை, முகத்தையே கேலிச்சித்திரமாக்கிக்கொண்டது என்று நான் எடுத்துக்கொள்கிறேன். 12 பகுதிகள் என்பதால் அலுப்பில்லை. மிங் சமையல்காரர்களோடு நடக்கும் போட்டியில் உண்மையான சமையல் யோசனையும் இருக்கிறது. ஆனால் நல்ல சாப்பாடு கொடுங்கோலனைத் திருத்தும் என்ற நம்பிக்கை அடியில் ஓடுகிறது. வரலாற்று யோன்சான்குன் நன்றாகவே சாப்பிட்டவர்.

இந்த வகையின் அடிப்படைக் கோளாறு என்ன என்று பார்க்க தே ஜாங்குமிலேயே ஒரு பாத்திரத்தைப் பின்தொடர்ந்தால் போதும். சோய் குடும்பத்தின் இளைய பெண் கும்யோங், ஹோங் ரி நா நடித்தது. அவளுக்கு நாக்கு உண்டு, கை உண்டு, உழைப்பு உண்டு. ஜாங்குமுக்குச் சமமான திறமைக்காரி என்பதை ஆரம்பத்தில் தொடரே மறைப்பதில்லை. குறுக்குவழி இல்லாமல் ஜெயிக்க வேண்டும் என்ற ரோஷமும் உண்டு. குடும்பம் அவளைச் சதிக்குள் இழுக்கும்போதெல்லாம் முகத்தில் ஓர் அவமானம் வந்துபோகிறது. சதியின் உதவியோடு கிடைக்கும் வெற்றி ஒரு சமையல்காரிக்குத் தோல்விதான் என்று தெரிந்தவள் அவள் ஒருத்திதான். மற்ற வில்லிகளுக்குப் பதவி போனால்தான் வலிக்கும்.

இந்தப் பெண்ணை என்ன செய்வது என்று தொடருக்குத் தெரியவில்லை. கெட்ட கூட்டத்தைச் சேர்ந்தவள் என்பதால் அவள் சமையல் தோற்க வேண்டும். திறமைசாலி என்பதால் தோற்கவும் கூடாது. ஆகவே அவளைக் காதல் ஏக்கத்திலும் பொறாமையிலும் சுற்றவிட்டுவிடுகிறார்கள். ஹான் போன பிறகு சோய் சாங்குங் சமையலறையை எடுத்துக்கொள்கிறார், பின்னால் அந்தத் தலைமைப் பதவிக்கு கும்யோங்கே வருகிறாள். ஜாங்கும் ஜேஜுவிலும் மருத்துவக் கூடத்திலுமாக இருந்த அந்த ஆண்டுகள் முழுக்க அரசர் தினமும் உண்டது இந்தக் கொலைகாரக் குடும்பத்தின் கை உணவு. அவர் ஒரு தட்டையாவது ருசியில்லை என்று தள்ளிவைத்ததாகத் தொடர் காட்டுவதில்லை.